மருந்துக்கடைக்காரருக்கான கேள்விகள்

...எழுந்து நின்ற பிறகு கேள்வியை யோசிப்பதா, யோசித்துக்கொண்டே எழுவதா, அதுகூட எனக்குத் தெரியாது, திரையில் இருக்கிற அந்த வக்கீலுக்கும் தெரியவில்லை, ஆனால் அவனுக்குத் தெரியாவிட்டால் அரங்கமே விழுந்து விழுந்து சிரிக்கிறது, எனக்குத் தெரியாவிட்டால் அப்பாவை உள்ளே வைத்துவிடுவார்கள். நாளைக் காலையில் விசாரணை. இதோ, கறுப்பு அங்கியில் கை போகிற இடத்தில் தலையை விட்டுக்கொண்டு முழிக்கிறான், நீதிபதி என்று நினைத்து குமாஸ்தாவுக்குக் கும்பிடு போடுகிறான், அப்பா தொடையைத் தட்டிச் சிரிக்கிறார், "பாருடா, பாருடா, அச்சு அசல் நீயேதான்" என்று முழங்கையால் இடிக்கிறார்... நானும் சிரித்து வைத்தேன். எதற்கு இந்தப் படத்துக்கு வந்தோம்? எல்லாம் அம்மாவின் வேலை. "நாளைக்குக் கோர்ட்டு, இன்னிக்காவது அப்பனும் புள்ளையும் கொஞ்சம் சிரிச்சுட்டு வாங்க" என்று மதியக் காட்சிக்கு விரட்டிவிட்டாள். வக்கீல் படம் என்று சுவரொட்டியில் பார்த்ததும் அப்பாவுக்கு இரட்டைச் சந்தோஷம், உனக்கும் ஏதாவது உதவும்டா என்றார். உதவுகிறது, எப்படியெல்லாம் சொதப்பலாம் என்று தெரிந்துகொள்ள நன்றாகவே உதவுகிறது.

கறுப்புக் கோட்டு போட்டவன் எல்லாம் வாதாடுகிறவன் என்று அம்மாவுக்கு யார் சொன்னது? நான் பத்திரம் எழுதுகிறவன். வீடு விற்பவர், வாங்குபவர், வாடகைக்கு விடுபவர், எல்லோரும் எதிரே உட்கார்ந்து சொல்வார்கள், நான் எழுதுவேன், அவர்கள் படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போடுவார்கள், கையைக் குலுக்கிக்கொண்டு போவார்கள். கோர்ட்டில் நான் வாய் திறந்ததெல்லாம் வாய்தா கேட்கத்தான், அதற்கே நாக்கு குழறும். நாளைக்கு வாய்தா கிடையாது. மருந்துக்கடைக்காரர் கூண்டில் ஏறுவார், நாற்சந்தி மூலையில் கடை வைத்திருப்பவர், அப்பா ஓட்டிய பஸ் வரும்போது சிக்னலில் சிவப்பு எரிந்ததைத் தன் கண்ணால் பார்த்தேன் என்பார். பஸ்ஸில் அடிபட்ட சைக்கிள்காரர் இன்னும் கட்டிலை விட்டு இறங்கவில்லை, இடுப்பு வரைக்கும் மாவுக்கட்டு, கோர்ட்டுக்கு வர முடியாது. பஸ்ஸில் இருந்தவர்கள் ஆளுக்கொன்று சொல்கிறார்கள். ஆகவே மருந்துக்கடைக்காரர் ஒருவரை மடக்கிவிட்டால் அப்பா மறுபடியும் ஸ்டியரிங்கைப் பிடிப்பார், மடக்காவிட்டால் ஜெயில், அதோடு லைசென்சும் போச்சு. கேள்விகளை மனப்பாடம் செய்து வைத்திருக்கிறேன், குளியலறையில் வாளியைச் சாட்சியாக நிறுத்திக் கேட்டும் பார்த்தாயிற்று. உங்கள் கடை எந்தப் பக்கம் பார்த்தது? சாயங்கால வெயில் முகத்தில் அடிக்குமா அடிக்காதா? கண்ணாடி போட்டிருந்தீர்களா? மாத்திரை எடுக்கத் திரும்பியிருந்தீர்கள் அல்லவா? வாளி எல்லாவற்றுக்கும் ஆமாம் என்றது.

டிரைவர்கள் சங்கத்து வக்கீல் இந்த மாதிரி வழக்குகளிலேயே தலை நரைத்தவர், தானாக வீடு தேடி வந்தார், நானே நடத்துகிறேன் என்றார். அப்பா எழுந்து நின்று, "வேண்டாம் சார், என் பையனே வக்கீல்தான், அவன் பாத்துக்குவான்" என்று சொல்லிவிட்டார். அன்றைக்கு என் காது வரைக்கும் சூடேறியது. அதற்கு முன் அப்பா என்னைப் பற்றி யாரிடமும் எதையும் பெருமையாகச் சொல்லி நான் கேட்டதில்லை. அம்மா தெரு முழுக்கச் சொல்லிவிட்டு வந்தாள், அக்கா போனில் அழுதேவிட்டாள், நம்ம தம்பியா, நம்ம தம்பியா என்று. அப்புறம் முடியாது என்று எந்த வாயால் சொல்வது?

திரையில் இப்போது லாக்கப். வக்கீல் கம்பிக்கு இந்தப் பக்கம், ஆடு திருடியதாக மாட்டிக்கொண்டவன் அந்தப் பக்கம். வக்கீல் குரலைத் தாழ்த்தி, நமக்குள்ள இருக்கட்டும், நீ திருடினியா இல்லையா என்கிறான். அவன் தலையைச் சொறிந்து, "உங்களுக்கு எது வசதின்னு சொல்லுங்க சார், அதையே செஞ்சதா வெச்சுக்கலாம்" என்கிறான். அரங்கம் அதிர்ந்தது, முன்வரிசையில் ஒருவர் பாப்கார்னைக் கொட்டிவிட்டார். அப்பா சிரிக்கவில்லை. வக்கீல் கதவில் தலையை இடித்துக்கொண்டதற்கெல்லாம் குலுங்கிக் குலுங்கிச் சிரித்த மனிதர்... நான் திரும்பிப் பார்க்கவில்லை, ஆனால் கைப்பிடியில் என் கையோடு ஒட்டியிருந்த அவர் கை அசையாமல் நின்றுவிட்டது.

நான் கேட்டேனா? கேட்டிருப்பேன், கேட்காமல் எந்த வக்கீலாவது... போலீஸ் ஸ்டேஷனிலிருந்து வந்த அன்று என்ன கேட்டேன்? சாப்பிட்டீங்களாப்பா. அடி எதுவும் படலையே. மறுநாள் என்ன வேகம் என்று கேட்டேன், பிரேக் பிடித்ததா என்று கேட்டேன், எந்த கியரில் வந்தீர்கள் என்றுகூடக் கேட்டேன், கியரைக் கேட்டவன் நிறத்தைக் கேட்கவில்லையே! ஆனால் சிக்னல் பச்சையில் இருந்தது என்று வாக்குமூலத்தில் இருக்கிறதே, எங்கிருந்து வந்தது அது? நான்தான் எழுதினேன். எழுதிக் கொடுத்தேன், அப்பா கண்ணாடியை மாட்டிக்கொண்டு மெதுவாகப் படித்தார், "நல்லாத்தான் எழுதியிருக்கே" என்றார், கையெழுத்துப் போட்டார். பத்திரம் மாதிரி. பத்திரத்திலாவது எதிரே இருப்பவர் சொல்லித்தான் நான் எழுதுவேன். அப்பாவுக்கோ பொய் வராது, ஒளித்துச் சிகரெட் பிடித்தாரா என்று அம்மா கேட்டாலே ஆமாம் என்று ஒப்புக்கொண்டுவிடுவார். நான் கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். சங்கத்து வக்கீல் உட்கார்ந்ததும் முதலில் அதைத்தான் கேட்டிருப்பார். அப்படியானால் அன்றைக்கு அப்பா அவசரமாக எழுந்து நின்றது... சே, என்ன நினைப்பு இது, பெற்ற அப்பாவைப் பற்றி.

படத்தில் வக்கீல் எப்படியோ ஜெயித்துவிட்டான், ஆடு தானாகவே வீட்டுக்குத் திரும்பிவிட்டது, எல்லோரும் கை தட்டினார்கள். வெளியே வந்தால் வெயில் இன்னும் கண்ணைக் கூசியது. ஸ்கூட்டரைக் கிளப்பினேன், அப்பா பின்னால் ஏறி என் தோளைப் பிடித்துக்கொண்டார், அந்தச் சம்பவத்துக்குப் பிறகு அவர் எதையும் ஓட்டுவதில்லை. அப்பா, ஒண்ணு கேக்கணும் என்றேன். "கேளுடா." படம் எப்படி இருந்துச்சு என்று கேட்டேன். "கடைசியில கொஞ்சம் இழுத்துட்டான்" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை, கடைகள் மூடியிருந்தன, சாலை காலியாகக் கிடந்தது. முனையில் சிவப்பு விழுந்தது, நின்றேன். குறுக்கே ஒரு வண்டி இல்லை, ஒரு ஆள் இல்லை. மருந்துக்கடைக்காரருக்கான முதல் கேள்வியை மனதுக்குள் ஓட்டிப் பார்த்தேன், உங்கள் கடை எந்தப் பக்கம்... பின்னாலிருந்து அப்பா, எத்தனையோ வருஷத்துப் பழக்கத்தில், சாதாரணமாகச் சொன்னார்.

"யாரும் வரலையேடா, போயேன்."

சொல்லி முடித்ததும் என் தோளில் இருந்த கை மெல்ல விலகியது. ஸ்கூட்டர் கண்ணாடியில் அவர் முகம் தெரிந்திருக்கும், நான் பார்க்கவில்லை. பச்சை விழட்டும் என்று நின்றுகொண்டிருந்தேன்.