மாரியாயி ஊட்டுப் பையன்

...இல்லீங்க, மாரியாயி ஊட்டுப் பையன் என்று அம்மா சொன்னது என் காதில் தெளிவாகத்தான் விழுந்தது, மேச்சேரி ஸ்டாண்டில் பஸ் உறுமிக்கொண்டு நின்றபோது, பக்கத்து சீட்டில் பூக்கூடையை இறக்கிவைத்த அம்மாள் "உங்க பையனுங்களா, அப்படியே உங்க மொகம்" என்று கேட்டதற்கு, ஒரு வினாடிகூட யோசிக்காமல் சொன்னாள். யோசிக்காமல் வருகிற பதில் ஒன்று உண்மையாக இருக்கும், அல்லது பல வருடம் பழகிய பொய்யாக இருக்கும், பதினேழு வருடம் பஸ்ஸில் செக்கிங் இன்ஸ்பெக்டராகக் குப்பை கொட்டுகிறவனுக்கு இதுகூடவா தெரியாது. டிக்கெட் எடுக்காதவன் ஜன்னலுக்கு வெளியே பார்ப்பான், பழைய டிக்கெட்டைக் காட்டுகிறவன் என் கண்ணையே பார்ப்பான், பிள்ளைக்கு அரை டிக்கெட் எடுக்காத தாய்மார்கள் இருக்கிறார்களே, அவர்கள் என்னைக் கண்டதும் பிள்ளையின் தலையில் கையை வைத்து மெதுவாக அழுத்துவார்கள், ஏழு வயதுப் பையன் நாலு வயது உயரத்துக்குக் குறுகிப்போவான், "அஞ்சு இன்னும் முடியலீங்க சார்"... அவர்களையெல்லாம் பார்த்த மாத்திரத்தில் பிடித்துவிடுகிற நான், நாற்பத்தாறு வருடமாக என் அம்மா ராசாத்தியைப் பிடிக்காமல் விட்டிருக்கிறேனா? அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக் கண்ணை மூடிக்கொண்டிருக்கிறாள். தூங்கவில்லை, தூங்குகிறவர்களின் கை பையை இப்படி இறுக்கிப் பிடிக்காது.

எல்லாம் சௌமியா கேட்ட ஒரு கேள்வியால் வந்தது. என் மகள் நர்ஸிங் முடித்துவிட்டு ஜெர்மனிக்குப் போகிறாள், போன வாரம் பாஸ்போர்ட் விண்ணப்பத்தை வைத்துக்கொண்டு, "அப்பா, நம்ம குடும்பப் பேரு என்ன?" என்றாள். நமக்கு ஏதம்மா குடும்பப் பேர், இனிஷியல்தான் என்றேன். அங்கே எல்லோருக்கும் உண்டாம், முல்லர் என்றால் மாவு அரைக்கிறவனாம், ஷ்மிட் என்றால் கொல்லனாம், எந்தப் பாட்டன் என்ன வேலை செய்தானோ அது பேரன் பேத்தி கழுத்தில் இன்னும் தொங்குகிறதாம், அவளுடைய ஜெர்மன் வகுப்பில் சொல்லிக் கொடுத்தார்கள். பெயரைப் பார்த்தாலே ஆள் எங்கிருந்து வந்தவன் என்று தெரிந்துவிடும் என்றாள். நம் ஆட்கள் என்ன செய்வார்கள், அப்பன் பெயரை அந்தக் கட்டத்தில் போடுவார்கள், அதாவது என் பெயர், தனசேகர், அந்த ஊரில் அவளை மிஸ் தனசேகர் என்றுதான் கூப்பிடுவார்களாம். கேட்டபோது பெருமையாகத்தான் இருந்தது, பொய் சொல்வானேன். அந்தப் பெருமையில்தான், பெயருக்கு ஓர் ஆதாரமாக, தொலைந்துபோன என் பள்ளிச் சான்றிதழுக்கு நகல் வாங்கலாம் என்று, அம்மாவைச் சேலத்துக்குக் கூட்டிவர ஊருக்குப் போன கையோடு, நான் ஒன்றாம் வகுப்பு படித்த பள்ளிக்கும் இன்று காலை போனேன், வேலியில் போன ஓணானை... சரி, விடு. தலைமையாசிரியை பழைய சேர்க்கைப் பதிவேட்டைத் தூசி தட்டி விரித்தார், வீரன் மகன் குப்பன் என்று எழுதி, அந்தக் குப்பனைச் சிவப்பு மையில் அடித்து, மேலே தனசேகர் என்று எழுதியிருந்தது. யார் இந்தக் குப்பன்? "நீங்கதான் சார், அப்பல்லாம் வாத்தியாருங்களே பேரை மாத்திப் போட்டுருவாங்க" என்று அவர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஏனென்றால் ஒரு நூல் கிடைத்ததும் மற்ற நூல்களும் கூடவே வர ஆரம்பித்தன. எங்கள் பக்கத்தில் மூத்த பையனுக்குத் தாத்தா பெயர் வைப்பார்கள், எங்கள் தாத்தா சடையன், நான்தான் மூத்தவன், ஆனால் சடையன் என்ற பெயர் என் தம்பிக்குப் போயிருக்கிறது, ஏன்? மேச்சேரிக் காட்டில் ஆடு மேய்த்துக்கொண்டிருக்கிறானே அவனுக்கு, அவன்தான் நிஜமான மூத்தவன் என்பதுபோல. எனக்குக் குப்பன், குப்பையில் கிடந்தவன். அம்மா என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை, சாமி, சாமி என்றுதான், தம்பியை மட்டும் சடையா என்று வாய் நிறைய... அப்புறம் நாலாவது வீட்டு மாரியாயி. பிள்ளை இல்லாதவள், ஒவ்வொரு ஆடிக்கும் எனக்குத் துண்டு எடுத்துக் கொடுப்பாள், "என்றா எம்மவனே" என்பாள், அம்மா அதைக் கேட்டு முகம் சுளித்ததே இல்லை. உன்னைத் தவிட்டுக்கு வாங்கினேன் என்று அம்மா சொல்வாள்தான், அதை எந்த வீட்டில் சொல்லவில்லை, தவிட்டுக்கு வாங்காத பிள்ளை தமிழ்நாட்டில் உண்டா என்று நானும் சிரித்திருக்கிறேன். ஆனால் நாலு வருடத்துக்கு முன் மாரியாயி செத்தபோது, "நீ மொட்டை அடிச்சுக்க சாமி, அவளுக்கு வேற ஆரு இருக்கா" என்று அம்மா சொன்னாள், நானும் ஏதோ உபகாரம் என்று அடித்துக்கொண்டேன். பெற்றவளுக்கு அல்லவா மகன் மொட்டை அடிப்பான்? அப்படியானால் வீரன் என் அப்பா இல்லையா, என் பெயருக்கு முன்னால் இருக்கிற அந்த ஒற்றை எழுத்து யாரிடமிருந்து வாங்கியது, நான் யாருடைய பிள்ளை என்று தெரியாமலே என் பெயரை மகள் தலையில் கட்டிக் கடல் கடந்து அனுப்புவதா... சொல்ல வெட்கம், இந்த வயதில் அம்மா எனக்கு அம்மாதானா என்று பயந்தேன்.

ஓமலூரில் பூக்கார அம்மாள் இறங்கினாள். அதே நேரம் சௌமியா போன் செய்தாள், சேலம் பஸ் ஸ்டாண்டு எதிரில் இருக்கிற கம்ப்யூட்டர் சென்டரில் உட்கார்ந்திருக்கிறாளாம், எல்லாக் கட்டமும் முடிந்தது, "சர்நேம் மட்டும்தாம்ப்பா பாக்கி, ஒங்க பேரயே போட்டுரட்டுமா?" என்றாள். பொறும்மா, நேரில் வந்து சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன். இனியும் தள்ளிப்போட முடியாது. அம்மா என்றேன், கண்ணைத் திறக்கவில்லை, அம்மா, பள்ளிக்கூடத்தில் பதிவேட்டைப் பார்த்தேன், குப்பன்னு இருக்குது என்றேன். கண் திறந்தது. முதலில் முன்சீட்டைப் பார்த்தாள், பிறகு பின்னால் திரும்பிப் பார்த்தாள், ஆள் இருக்கிறதா என்று பார்க்கிற பார்வை, எனக்கு நன்றாகத் தெரிந்த பார்வை.

"அதெல்லாம் இப்ப எதுக்கு சாமி?"

"என்னயப் பெத்தது நீதானா, மாரியாயியா? அதச் சொல்லிரு."

அடிக்கக் கையை ஓங்கினாள், ஓங்கிய கையை அப்படியே இறக்கி வாயைப் பொத்திக்கொண்டாள். கருப்பூர் தாண்டியது. பிறகு என் காதுக்குப் பக்கத்தில் வந்து, வெற்றிலை வாசனையோடு, பஸ் இரைச்சலில் எனக்கே பாதிதான் எட்டும்படி சொன்னாள். எனக்கு முன்னால் இரண்டு பிள்ளைகள். முதல் பையனுக்குச் சடையன் என்று தாத்தா பெயரைப் பந்தல் போட்டு வைத்தார்கள், பதினோராம் நாள் போய்விட்டான். இரண்டாவது பெண், அதுவும் தங்கவில்லை. மூன்றாவதாக நான் பிறந்ததும் கோயில் பூசாரி ஒரு வழி சொன்னாராம், பிள்ளையைக் குப்பைமேட்டில் போட வேண்டும், வேறு வீட்டுக்காரி ஒருத்தி எடுத்துக்கொள்ள வேண்டும், அவளுக்கு ஒரு முறம் தவிடு கொடுத்து வாங்கிக்கொள்ள வேண்டும், இது வேண்டாத பிள்ளை, விலைக்கு வந்தது என்று நினைத்து, உயிரை எடுத்துக்கொண்டு போக வருகிறவன் ஏமாந்து போவான். எடுத்தவள் மாரியாயி. "மூக்கக் குத்தி, பொட்டப்புள்ள மாதிரி வளத்தேன். எம்புள்ளன்னு வாயால சொல்லிராதன்னாரு பூசாரி. நானும் சொல்லல." மூன்று வருடம் கழித்துத் தம்பி பிறந்தபோது பயம் கொஞ்சம் தெளிந்து தாத்தா பெயரை அவனுக்கு வைத்தார்களாம். என் பெயரை வாத்தியார் மாற்றிவிட்டார் என்று அப்பா வந்து சொன்ன அன்றைக்கு அடுப்பு பற்றவைக்கவில்லையாம். "தனம், சேகருன்னு அம்புட்டுப் பெரிய பேரு, ஊருக்கே கேக்குமே சாமி."

நான் நம்பினேனா? மூக்கைத் தடவிப் பார்த்தேன், வலது பக்கம் ஒரு சின்னப் புள்ளி, அம்மைத் தழும்பு என்றுதான் இத்தனை நாளும் இருந்தேன். ஆனால் மூக்கை யார் பிள்ளைக்கும் குத்தலாம், கதையை யாரும் கோர்வையாகச் சொல்லலாம், அதிலும் மாட்டிக்கொண்டவர்கள் ரொம்பக் கோர்வையாகச் சொல்வார்கள், பூசாரி போய்ச் சேர்ந்தாயிற்று, மாரியாயியும் இல்லை, அப்பாவும் இல்லை, சாட்சிக்கு ஒரு ஆள் கிடையாது. அதுதான் எனக்கு இப்போது நாற்பத்தாறு வயதாகிறதே, இன்னுமா, எப்போது வரைக்கும் என்றேன், கொஞ்சம் கோபமாகவே. அம்மா என்னைப் பார்த்தாள்.

"எப்ப வரைக்கும்னு அவரு சொல்லலையே சாமி. நானும் கேக்காம வந்துட்டேன்."

இதைப் போய் யாராவது இட்டுக்கட்டுவார்களா... கேட்காமல் வந்துவிட்டாளாம். பூசாரி அடுத்த வருடமே இறந்திருக்கிறார், அப்புறம் யாரிடம் கேட்பது, அதனால் தினமும், ஒவ்வொரு ஆளிடமும், பூக்காரியிடம்கூட. அப்போதுதான் பூக்கார அம்மாள் முதலில் சொன்னது ஞாபகம் வந்தது, அப்படியே உங்க மொகம் என்றாளே, அம்மா சொன்ன பதிலைப் பிடித்துக்கொண்டு இதை விட்டுவிட்டேனே.

பஸ் ஸ்டாண்டில் நுழைந்ததும் நானே சௌமியாவைக் கூப்பிட்டேன், தனசேகர்னே போட்டுரும்மா என்று ஆரம்பித்தேன், அம்மா சட்டென்று என் வாயைப் பொத்தினாள், "மெதுவாச் சொல்லு". மெதுவாகச் சொன்னேன். இறங்கும்போது பக்கத்து பஸ்ஸின் கண்டக்டர் ஓடிவந்தான், என்னிடம் இரண்டு முறை திட்டு வாங்கியவன், "சார் நீங்களா, கவனிக்கலீங்க சார், அம்மாங்களா?" என்று பையை வாங்கிக்கொண்டான்.

"இல்ல கண்ணு, மாரியாயி ஊட்டுப் பையன்" என்றாள் அம்மா, சத்தமாக, ஸ்டாண்டில் நிற்கிறவர்களுக்கும் கேட்கும்படி.

அவன் திகைத்துப்போய் என்னைப் பார்த்தான். என்ன சொல்வது, எனக்குக் கீழே வேலை பார்க்கிற பையன், நாளைக்கு டிப்போ முழுக்கப் பேசுவான்... ஆமாப்பா என்றேன், மாரியாயி ஊட்டுப் பையன்தான். அம்மாவின் முகம் தெளிந்தது. நான் முதலில் இறங்கிக் கீழே நின்றேன், படி உயரம், அவளுக்குக் கால் எட்டவில்லை, பிடிமானத்துக்கு என் தலையில் கையை வைத்தாள், அந்தக் கை மெதுவாக அழுத்தியது, நான் குனிந்தேன், அவள் இறங்கித் தரையில் நின்ற பிறகும் கையை எடுக்கவில்லை, நானும் நிமிரவில்லை.