ஓட்டு வீட்டுக்காரர்

கெங்கம்மாள் பூட்டை இரண்டு கையாலும் பிடித்து இழுத்தாள். வராது என்று தெரிந்துதான் இழுத்தாள். கொண்டி கதவில் இடித்து ஒரு சத்தம் வந்தது. அவ்வளவுதான்.

"உடு," என்றாள் அம்மா சாய்ப்பிலிருந்து. "அது இன்னா பண்ணும்."

வீட்டின் பக்கச் சுவரை ஒட்டித் தழை வேய்ந்து இறக்கியிருந்த சாய்ப்பு அது. ஒரு பாதியில் மாடு, மறு பாதியில் அடுப்பும் பாயும். அந்தப் பாயில்தான் அப்பா விடியற்காலையில் இறந்து போயிருந்தார். ராத்திரி முழுக்க இருமிக்கொண்டிருந்தவர் கோழி கூவுகிற நேரத்துக்குச் சற்று முன் இருமலை நிறுத்தினார். தூங்கிவிட்டார் என்று நினைத்து, காய்ச்சல் என்று கேள்விப்பட்டுப் புருசன் வீட்டிலிருந்து வந்திருந்த கெங்கம்மாளும், அவள் அம்மா மங்கம்மாளும் நிம்மதியாகக் கண்ணை மூடினார்கள். வெளிச்சம் வந்த பிறகு அம்மா அவர் காலைத் தொட்டுப் பார்த்தபோது அது குளிர்ந்து, மடங்கியபடியே விறைத்திருந்தது.

சாய்ப்பில் காலை நீட்டிப் படுக்க முடியாது. நீட்டினால் அடுப்பில் இடிக்கும். தலையை மேலே தள்ளினால் மாட்டின் குளம்பு. அப்பா ஒருக்களித்து, முழங்காலை வயிற்றுக்கு இழுத்துக்கொண்டுதான் படுப்பார். இப்போதும் அப்படியே கிடந்தார்.

சித்தப்பா முனிசாமி வெந்நீரில் துணியை நனைத்து முழங்காலில் ஒற்றி, மெல்ல அமுக்கினார். கால் அசையவில்லை. இன்னும் கொஞ்சம் அழுத்தினார்.

"வலிக்கும், உடுப்பா," என்றாள் அம்மா.

முனிசாமி துணியைச் சட்டியில் போட்டுவிட்டு வெளியே வந்து கதவைப் பார்த்துக்கொண்டு நின்றார். வேம்பில் செய்த இரட்டைக் கதவு. போளூரில் தச்சனிடம் செய்வித்து, நிலையைத் தலையில் சுமந்து அண்ணன் மலையேறி வந்த நாளில் பாதி வழி அவரும் சுமந்திருக்கிறார்.

"ஊர்லயே மொத ஓட்டு வூடு," என்றார். "சனமெல்லாம் வந்து அண்ணாந்து பாத்துக்கினு நின்னுது. இன்னிக்கு வூட்டுக்காரன் மாட்டு மூத்திரத்துல கெடக்குறான். கோடாலிய எடுத்தாடி கெங்கா, ஒரே போடு."

கெங்கம்மாள் கோடாலி இருந்த மூலையைப் பார்த்தாள். பிறகு அம்மாவைப் பார்த்தாள்.

"ஒடச்சா அதுவும் கடன்ல சேரும்," என்றாள் அம்மா. "தம்பி சாவி வாங்கியாரப் போய்க் கீறான் இல்ல. வரட்டும்."

தம்பி லட்சுமணன் முதல் பஸ்ஸில் போளூருக்கு இறங்கியிருந்தான். சாவி அப்பாவுக்குக் கடன் கொடுத்த கண்ணாயிரம் முதலாளியிடம் இருந்தது. பொழுது சாய்வதற்குள் பிணத்தை எடுத்தாக வேண்டும். அதற்குள் கதவு திறந்தால் அப்பாவை உள்ளே கிடத்தலாம். வீடு கட்டியவன் அந்த வீட்டு நடு விட்டத்தின் கீழ் கிடந்து, அதன் வாசல் வழியாகத்தான் மண்ணுக்குப் போக வேண்டும் என்பது அந்த ஊர் வழக்கம். சாய்ப்பிலிருந்து எடுப்பதென்றால் வழியில் வந்து செத்த பரதேசியை எடுப்பது போல. கெங்கம்மாளுக்கு அன்று வேறு எதுவும் வேண்டியிருக்கவில்லை. அழக்கூடத் தோன்றவில்லை. அந்தக் கதவு திறக்க வேண்டும், அப்பா அதற்குள் போக வேண்டும்.

அந்த வீட்டுக்குள் அவள் ஒரே ஒரு மழைக்காலம் தூங்கியிருக்கிறாள். கூரையில் ஓரிடத்தில் அப்பா கண்ணாடி ஓடு ஒன்று வைத்திருந்தார். பகலில் அதன் வழியே சதுரமாக ஒரு வெயில் தரையில் விழுந்து, பொழுது போகப் போக நகரும். அவளும் லட்சுமணனும் அதன் பின்னாலேயே பாயை இழுத்துக்கொண்டு போவார்கள். அப்பா சிரிப்பார். "வெயில வூட்டுக்குள்ள வெலைக்கு வாங்கியாந்துட்டேன் பாரு" என்பார்.

ஓட்டுக்கும் மரத்துக்கும் முதலாளியிடம் வாங்கியது இரண்டாயிரம். அடுத்த வருசம் சாமை விளையவில்லை. வட்டி நின்றது. முதலாளி கோபப்படவில்லை. மலையில் வாங்குகிற புளியையும் கடுக்காயையும் லாரி வரும்வரை போட்டு வைக்க இடமில்லாமல் இருந்தது அவருக்கு. வீட்டை விட்டுக்கொடு வெள்ளையா, நீ எனக்கு எதுவும் தரவேண்டாம் என்றார். அப்பா சந்தோசமாகத் திரும்பி வந்தார். மலையில் கடன் என்றால் ஒரு படி சாமை வாங்கி, அறுவடையில் குவித்து ஒரு படி அளந்து கொடுப்பது. இல்லாவிட்டால் கொடுத்தவன் கொல்லையில் போய் உழுது கழிப்பது. உழுதால் கழியும். அதுபோல வீடு இருந்து கழித்துவிடும் என்று அவர் நினைத்தார். வருசத்துக்கு ஒரு புளி வெட்டு, ரெண்டு மூணு வெட்டு போனால் சாவி கைக்கு வந்துவிடும் என்று சொல்லிக்கொண்டே சாய்ப்புக்குக் கால் நட்டார்.

கெங்கம்மாளுக்குக் கல்யாணம் ஆனபோது மாப்பிள்ளை வீட்டார் கொடுத்த பரிசப் பணத்தை முடிந்துகொண்டு அப்பா போளூர் போனார். சாவி இல்லாமல் வந்தார். இடையில் ஏதோ நின்ற வட்டி என்று எடுத்துக்கொண்டார்களாம். அவள் வாழ்க்கைப்பட்ட நெல்லிவாசல் நாட்டில் புருசன் கோபம் வரும்போதெல்லாம் அதைத்தான் சொல்வான். "நாங்க குடுத்த காசுல உங்கப்பன் அடுத்தவனுக்குப் பூட்டு வாங்கிப் போட்டுக் கீறான்." அவள் பதில் பேசியதில்லை. சாவி வந்ததும் அவனை இங்கே கூட்டி வந்து, அந்தச் சதுர வெயிலில் உட்கார வைத்துச் சோறு போட வேண்டும் என்று மட்டும் நினைத்துக்கொள்வாள். இத்தனை வருசமும் அவனுக்கு அவள் மனதுக்குள் வைத்திருந்த பதில் அதுதான்.

உச்சி திரும்பிய பிறகு ஜீப் வந்தது. லட்சுமணனோடு முதலாளியின் கணக்கப்பிள்ளை கோபால்சாமியும் இறங்கினார். கையில் ஒரு சாமந்தி மாலை. கூடவே ஒரு புது வேட்டி. நேராகச் சாய்ப்புக்கு வந்து, குனிந்து உள்ளே நுழைந்து, மாலையை அப்பாவின் தோளில் வைத்தார். மடங்கிய முழங்கால் மேல் மாலையின் நுனி தொங்கியது.

"நல்ல மனுசன்," என்றார். "ஒரு நாளும் மொகம் சுளிச்சுப் பேசினது இல்ல. மொதலாளிக்கு மனசே சரியில்லம்மா. வேட்டி அவரு குடுத்தனுப்பினதுதான்."

அவர் உண்மையாகத்தான் சொன்னார். அவர் கண் கலங்கியும் இருந்தது. அதுவே கெங்கம்மாளுக்குத் தாங்க முடியாமல் இருந்தது.

கோபால்சாமி மடியிலிருந்து சாவியை எடுத்துப் பூட்டைத் திறந்தார். கதவைத் தள்ள முடியவில்லை. உள்ளே மூட்டை முட்டிக்கொண்டிருந்தது. பங்குனி மாதம். புளி வெட்டு முடிந்து தரையிலிருந்து விட்டம் வரை அடுக்கியிருந்தார்கள். புளிப்பும் கடுக்காய்த் துவர்ப்பும் கலந்த காற்று முகத்தில் அடித்தது.

"இன்னா சாமி இது," என்றார் முனிசாமி. "ஒரு பூனகூட பூர முடியாது."

"நடுவுல மட்டும் எடுத்தாப் போதும். தரையில வெக்காதீங்கப்பா, தார்ப்பாய் போட்டு அதும்மேல. மண்ணு ஒட்டிச்சின்னா வாங்குற வாணியம்பாடிக்காரன் வேணாம்னு தள்ளிடுவான்."

ஊர் ஆட்கள் வரிசையாக நின்று மூட்டையைக் கைமாற்றினார்கள். ஒவ்வொரு வருசமும் கூலிக்கு ஏற்றியவர்களும் அவர்கள்தான். யாரோ ஒருவர், "வெள்ளையன் மாமன் செத்தும் நம்பள மூட்ட தூக்க வெச்சுட்டாரு பாரு" என்றார். சிலர் சிரித்தார்கள். முனிசாமிகூடச் சிரித்துவிட்டு முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

கெங்கம்மாள் கணக்கப்பிள்ளை பக்கத்தில் போய் நின்றாள். கேட்க வேண்டியது ஒன்று இருந்தது. கேட்காமல் இருந்துவிட்டால் நல்லது என்றும் தோன்றியது.

"ஐயா, இன்னும் எத்தினி வெட்டு போனா தீரும்?"

"இன்னாது தீரும்?"

"கடன்தாங்க."

கோபால்சாமி அவளைப் பார்த்தார். கேலி இல்லை அவர் பார்வையில். சின்னப் பிள்ளைக்குச் சொல்வது போலச் சொன்னார்.

"வூட்ட நாங்க வெச்சிக்கிறது வட்டிக்குச் சரியாப் போச்சும்மா. போக்கியம்னா அதான். அசலு வேற. அது அப்படியேதான் நிக்குது."

"அப்படியேன்னா?"

"வாங்கின ரெண்டாயிரம். அத ஒரே மொத்தமா கட்டினா அன்னிக்கே சாவி."

"இத்தினி வருசமும்?"

அவர் வாசல் பக்கம் திரும்பினார். மூட்டை ஒன்று சரிந்ததைப் பார்த்து, "பாத்து, பாத்து" என்று நகர்ந்து போனார்.

கெங்கம்மாள் அதே இடத்தில் நின்றாள். ஒரு சாமை மணிகூடக் குறையவில்லை. அப்பா மார்கழிப் பனியில் இருமிய இருமல், அம்மா மாட்டுக்கும் அடுப்புக்கும் நடுவே போட்ட பாய், அவளுடைய பரிசம், அவள் வாங்கிக்கொண்ட பேச்சு, எதுவும் அந்த இரண்டாயிரத்தின் பக்கத்தில்கூடப் போகவில்லை. எல்லாம் எங்கோ கொட்டப்பட்டிருந்தது. எங்கே என்று தேடினால் இந்த மூட்டைகள்தான் கண்ணில் பட்டன.

சாய்ப்புக்குப் போய் அம்மாவின் பக்கத்தில் குந்தினாள்.

"யம்மா. அசலு அப்படியே நிக்குதாம்."

"ம்."

"உனுக்குத் தெரியுமா?"

அம்மா அப்பாவின் முகத்தில் உட்கார வந்த ஈயை ஓட்டினாள்.

"எமர்ஜென்சி வந்தப்ப, கடனெல்லாம் தள்ளுபடின்னு ரேடியோல சொன்னாங்கன்னு கேக்கப் போனாரு. அது கடனுக்குத்தானாம், போக்கியத்துக்கு இல்லியாம். அன்னிக்கே எல்லாம் வௌக்கமா சொல்லிட்டாங்க போலருக்குது. வந்து சோறு துன்னல."

"உங்கிட்ட சொன்னாரா?"

"வர்ற வருசம் தொறந்துடுவாங்கன்னு சொன்னாரு."

கெங்கம்மாள் காத்திருந்தாள்.

"வருசா வருசம் சொல்வாரு," என்றாள் அம்மா. "நானும் ம்முனு சொல்வேன்."

எமர்ஜென்சி வந்தது கெங்கம்மாளின் கல்யாணத்துக்கு முன்பு. அப்படியானால் பரிசப் பணத்தை முடிந்துகொண்டு அவர் மலையிறங்கியபோது அவருக்குத் தெரிந்திருந்தது. தெரிந்தேதான் போயிருக்கிறார். யாரிடமாவது கெஞ்சிப் பார்த்திருப்பார். அங்கே எவ்வளவு நேரம் நின்றிருப்பார், என்ன சொல்லியிருப்பார் என்று நினைக்கப் போய், கெங்கம்மாள் அந்த நினைப்பைப் பாதியில் விட்டாள்.

"உள்ள கொண்டாங்க," என்று முனிசாமி கூப்பிட்டார்.

நாலு பேர் பாயோடு தூக்கினார்கள். வாசலில் தலை இடிக்காமல் குனிந்து உள்ளே கொண்டுபோனார்கள். சுற்றிலும் மூட்டைச் சுவர். நடுவில், விட்டத்துக்கு நேர் கீழே, ஓர் ஆள் தாராளமாகக் கைகால் பரப்பிப் படுக்கிற அளவு இடம். அப்பாவை மல்லாக்கக் கிடத்தப் பார்த்தார்கள். முழங்கால் இரண்டும் மேலே நின்றன. மறுபடி ஒருக்களித்தே கிடத்தினார்கள். அந்த இடத்தில் பாதிதான் அவருக்குத் தேவைப்பட்டது.

மூட்டை எடுத்ததில் கண்ணாடி ஓட்டின் மறைப்பு விலகியிருந்தது. தூசு படிந்து மங்கலாக ஒரு வெளிச்சம் அவர் இடுப்புக்குப் பக்கத்தில், வெறும் தரையில் விழுந்தது. கெங்கம்மாள் பாயை அதன் பக்கமாக இழுக்கப் போனாள். அதற்குள் பெண்கள் வாய்க்கரிசிக்குச் சாமையோடு உள்ளே வந்துவிட்டார்கள்.

வாசல் வழியாகத்தான் எடுத்தார்கள். அவள் கேட்டது நடந்தது. பொழுது மலைக்குப் பின்னால் இறங்குவதற்குள் எல்லாம் முடிந்தது. குழியை நீளமாகத் தோண்டியிருந்தார்கள். கால்மாட்டில் மிஞ்சிய இடத்துக்கும் சேர்த்து மண் தள்ள வேண்டியிருந்தது.

திரும்பி வந்தபோது கோபால்சாமி போகாமல் தார்ப்பாய் அருகில் உட்கார்ந்திருந்தார். பனி இறங்கினால் புளி கறுத்துவிடும் என்று சொல்லச் சங்கடப்பட்டுக்கொண்டு வானத்தைப் பார்த்தார்.  லட்சுமணன்தான் முதலில் எழுந்தான். தலைமுழுகிய ஈரம் காயாத வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, ஒரு மூட்டையை முதுகில் வாங்கி உள்ளே போனான். பிறகு மற்றவர்களும் எழுந்தார்கள்.

"காரியம் முடிஞ்சதும் ஒரு நட போளூர் வந்துட்டுப் போ தம்பி," என்றார் கோபால்சாமி, லட்சுமணன் வெளியே வந்தபோது. "அவசரம் இல்ல. பத்திரத்துல உன் பேரப் போட்டு ஒரு கைநாட்டு வெச்சிட்டா ஆச்சு."

"வர்றேன் சாமி," என்றான் லட்சுமணன்.

கெங்கம்மாள் தம்பியைப் பார்த்தாள். வைகாசியில் அவனுக்குப் பெண் பார்க்கப் போவதாக இருந்தது. அவன் அடுத்த மூட்டைக்கு முதுகைக் கொடுத்தான்.

கடைசி மூட்டையை வைத்துக் கதவைச் சாத்த இரண்டு பேர் தள்ள வேண்டியிருந்தது. கோபால்சாமி பூட்டினார். பூட்டை ஒருமுறை இழுத்துப் பார்த்தார். கும்பிட்டுவிட்டு ஜீப்பை நோக்கி நடந்தார்.

சாய்ப்பில் விளக்கு வைத்துவிட்டு அம்மா பாயை உதறிப் போட்டாள். மாட்டை முனிசாமி அன்றைக்குத் தன் கொட்டகைக்கு ஓட்டிப் போயிருந்தார். அடுப்பும் மூட்டவில்லை. சாய்ப்பு முழுக்க இடம் கிடந்தது.

அம்மா படுத்தாள். ஒருக்களித்து, முழங்கால் இரண்டையும் மெல்ல வயிற்றுக்கு இழுத்துக்கொண்டாள்.

"நீட்டிப் படேன்மா," என்றாள் கெங்கம்மாள்.

"ம்," என்றாள் அம்மா.

கெங்கம்மாள் போர்வையை எடுத்து அவள் மேல் போட்டாள். அம்மாவின் காலுக்குக் கீழே அது வெறுமையாகத் தரையில் நீண்டு கிடந்தது.