கோவிந்தராசுவின் சுற்றுலா விசா

செத்து இருபத்திரண்டு வருடமான கோவிந்தராசுவுக்கு 2023 மார்ச் மாதத்தில் ஆறு மாதச் சுற்றுலா விசா கிடைத்தது. விண்ணப்பித்தது அவர் இல்லை. அவருடைய ஒரே மகள் நாகம்மா. வயது நாற்பத்தொன்பது, சிங்கப்பூரில் நிரந்தரவாசி, பாஸ்போர்ட் மட்டும் இந்தியா, குடியிருப்பது புக்கிட் மேராவில், வேலை, டன்லப் ஸ்திரீட்டில் ஒரு சேலைக்கடையின் மாடியில் சேலைகளுக்கு ஃபால்ஸ் தைப்பது. கணவர் போய்ச் சேர்ந்து எட்டு வருடம் ஆகியிருந்தது. மகள் வித்யா, வருடத்தில் பாதி பனி மூடிக் கிடக்கும் ஒரு தூர நாட்டுக்குப் படிக்கப் போய், அங்கேயே வேலை தேடிக்கொண்டு, அங்கேயே ஒருத்தனைக் கட்டிக்கொண்டு, அவன் விட்டுவிட்டுப் போன அக்டோபரில் இரண்டு மாதம் முழுகாமல் இருந்தாள். தீபாவளிக்குப் பிறகு ரத்த அழுத்தம் ஏற ஆரம்பித்தது. கழிப்பறைக்குத் தவிர எழுந்திருக்கக் கூடாது என்று மருத்துவர் சொல்லிவிட்டார். பக்கத்தில் யாரும் இல்லை. சோறு வடித்துக் கொடுக்கவும் ஆளில்லை. "நீ வாம்மா. நீ வந்தா போதும், வேற ஒண்ணும் வேணாம் லா," என்று அவள் போனில் சொன்ன மறுநாளே நாகம்மா விசாவுக்கு அலைய ஆரம்பித்தாள்.

கேம்பல் லேனில் ஒரு மாடிப்படிக்கு அடியில் உட்கார்ந்து பாஸ்போர்ட் அளவுப் படம் எடுத்து, விசா பாரமும் நிரப்பிக் கொடுப்பவர் சேவியர். அவர் நாகம்மாவை வெள்ளைத் துணிக்கு முன்னால் உட்கார வைத்து, "சிரிக்காதீங்க அக்கா, சிரிச்சா ரிஜெக்ட் பண்ணிடுவான்," என்றார். "நான் எங்க தம்பி சிரிச்சேன்," என்றாள் நாகம்மா. பாரத்தில் குடும்பப் பெயர் என்ற கட்டத்தில் சேவியர் கோவிந்தராசு என்று எழுதினார். பாஸ்போர்ட்டிலும் அப்படித்தான் இருந்தது. நம் ஆட்களுக்குக் குடும்பப் பெயர் கிடையாது. கட்டம் காலியாக இருந்தால் கம்ப்யூட்டர் நகராது. அதனால் பாதிப் பேருடைய பாரத்தில் அப்பாதான் அந்தக் கட்டத்தை அடைத்துக்கொண்டு நிற்கிறார். கோவிந்தராசு செம்பவாங் கப்பல் பட்டறையில் துரு சுரண்டிப் பெயின்ட் அடித்தவர். நாற்பத்தாறு வயதில் ஒரு நாள் மதியச் சாப்பாட்டுக்குக் கை கழுவப் போனவர் அங்கேயே சாய்ந்தார். மண்டாயில் எரித்து, சாங்கி பக்கம் கடலில் சாம்பலைக் கரைத்தார்கள். ஆகவே அவர் ஒரு கட்டத்துக்குள் பெயராக மட்டும் இருப்பதில் யாருக்கும் ஆட்சேபம் இருந்திருக்க முடியாது.

டிசம்பரில் முதல் பதில் வந்தது. 'அன்புள்ள திரு கோவிந்தராசு' என்று ஆரம்பித்தது. நீங்கள் இதுவரை எந்த நாட்டுக்கும் சுற்றுலா போனதில்லை. வசிக்கும் இடத்தில் உங்களைப் பிடித்து வைக்கிற பந்தம் எதுவும் இருப்பதாகத் தெரியவில்லை. தங்கும் காலம் முடிந்ததும் எங்கள் நாட்டை விட்டுக் கிளம்புவீர்கள் என்று எங்களுக்கு நம்பிக்கை ஏற்படவில்லை. சேவியர் இதைத் தமிழில் சொன்னபோது நாகம்மா, "எங்கப்பா செத்தவரு. அவரு அங்க போய் எதுக்குத் தங்கப் போறாரு?" என்று கேட்டாள். "அது கம்ப்யூட்டர் அடிக்கிறது அக்கா, மனசுல வச்சுக்காதீங்க," என்று சேவியர் இரண்டாவது பாரத்தை எடுத்தார். இந்தத் தடவை வீட்டுப் பத்திரம், மின்சார பில், கேலாங் சிவன் கோயிலில் அன்னதானத்துக்குக் கொடுத்த ரசீது எல்லாம் இணைத்தார்கள். கடை முதலாளி ஜமால் முகம்மது தன் கையால் ஒரு கடிதம் எழுதினார். இந்தப் பெண்மணி திரும்பி வராவிட்டால் சிங்கப்பூரில் பாதிக் கல்யாணத்தில் சேலைக்கரை தரையில் புரண்டு கிழியும் என்பது அதன் சாரம். ஜனவரி கடைசியில் அதே பதில், அதே திரு கோவிந்தராசுவுக்கு வந்தது.

பிப்ரவரியில் வித்யாவுக்குக் கால் இரண்டும் வீங்கிச் செருப்பு நுழையவில்லை. "எழுந்தா ஃப்ளோர் சுத்துதும்மா. நான் விழுந்துட்டா யாருக்கும் தெரியாது. பயமா இருக்கு," என்றாள். அன்று நாகம்மா ஒரு கல்யாணப் பெண்ணின் கூறைப்புடவைக்கு ஃபால்ஸைத் தலைகீழாக, இடுப்பில் செருகும் பக்கத்தில் வைத்துத் தைத்தாள். பதினான்கு வருடத்தில் அப்படி நடந்ததில்லை. ஜமால் முகம்மது கண்ணாடியை மாட்டிக்கொண்டு, அவரே உட்கார்ந்து தையலைப் பிரித்தார். நாகம்மா வீரமாகாளி சன்னதியில் நின்று, எனக்கு வேறு எதுவும் வேண்டாம், ஒரு ஸ்டிக்கர் மட்டும் பாஸ்போர்ட்டில் ஒட்டினால் போதும் என்று வேண்டினாள். மூன்றாவது பாரத்தைச் சேவியர் அனுப்பினார். அதற்கு அவர் காசு கேட்கவில்லை. நம்பிக்கை இல்லாததற்குக் காசு வாங்குவது அவருக்குப் பழக்கமில்லை.

விசா மையத்தில் கைரேகை எடுக்க வேண்டும். முதல் இரண்டு தடவையும் நாகம்மாவின் ரேகை அரைகுறையாகத்தான் விழுந்திருந்தது. ஊசியைத் தள்ளித் தள்ளி விரல் நுனி கண்ணாடி மாதிரி வழவழத்துப் போயிருந்தது. இந்தத் தடவை ஒரு விரலும் விழவில்லை. கவுன்ட்டரில் இருந்த மேனுகா நல்ல பெண், டிஷ்யூ கொடுத்தாள், கிரீம் கொடுத்தாள், "கையை நல்லாத் தேய்ச்சிட்டு வாங்க அன்ட்டி, மறுபடி கூப்பிடுறேன். இந்தத் தடவையும் விழலன்னா நான் ஒண்ணும் செய்ய முடியாது," என்றாள். நாகம்மா நாற்காலியில் உட்கார்ந்து உள்ளங்கைகளைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள். தேய்க்கத் தேய்க்க அழுகை வந்தது. மேனுகா திரையில் இருந்த பெயரை ஒலிபெருக்கியில் படித்தாள்: மிஸ்டர் கோவிந்தராசு, கவுன்ட்டர் ஐந்து. கடைசி வரிசையிலிருந்து பட்டறையின் நீல ஓவரால் போட்ட ஒரு மனிதர் எழுந்து வந்தார். ஓவராலிலிருந்து கடல் தண்ணீர் சொட்டியது. பத்து விரலையும் கண்ணாடி மேல் வைத்தார். இயந்திரம் ஒரே மூச்சில் பச்சை விளக்கைப் போட்டது.

நாகம்மா எழுந்து நின்று "அப்பா" என்றாள். கோவிந்தராசு திரும்பி, "எத்தனை தடவைதான் கூப்பிடுவாங்க? மூணு மாசமா இதே ரோதனை. பக்கத்துல கிடக்கறவன் எல்லாம் எங்களைத் தூங்க விடுறியா, போய் என்னன்னு கேளுன்னு சத்தம் போடறான்," என்றார். மேனுகா நாகம்மாவிடம், "உங்க தம்பியா அன்ட்டி?" என்று கேட்டாள். செத்த வயதிலேயே அவர் நின்றுவிட்டதால் மகளைவிட மூன்று வயது இளையவராக இருந்தார். அப்பா என்று தெரிந்ததும் மேனுகா மன்னிப்புக் கேட்டுக்கொண்டு, தரை வழுக்கும் என்ற மஞ்சள் பலகையை எடுத்து வந்து அவர் பக்கத்தில் வைத்தாள். பாஸ்போர்ட் கேட்டபோது ஓவரால் பையிலிருந்து எடுத்துக் கொடுத்தார். பக்கங்கள் ஒட்டியிருந்தன. காலாவதியாக இன்னும் நான்கு வருடம் பாக்கி இருந்தது. அவர் கை கழுவப் போன நாளில் எவ்வளவு பாக்கியோ அவ்வளவு. அதைச் சேலைக்கடை இஸ்திரிப்பெட்டியால் காயவைத்து மறுநாள் கொண்டு போய்க் கொடுத்தார்கள்.

பத்தாவது நாள் விசா வந்தது. பயணம் முடிந்ததும் நீங்கள் திரும்பிவிடுவீர்கள் என்பதில் எங்களுக்கு முழுத் திருப்தி என்று கடிதம் சொன்னது. அதில் தவறு கண்டுபிடிக்க முடியாது. நாகம்மா அந்தக் கடிதத்தைச் சேவியரின் மேஜை மேல் வீசினாள். "பெத்தவ நான். கேட்டது நான். இவருக்குக் குடுக்கறானே!" என்று தலையில் அடித்துக்கொண்டாள். பிறகு அப்பா பக்கம் திரும்பி, அமைதியாக, விலை விசாரிப்பது போல், "நான் செத்தா எனக்குக் குடுப்பாங்களா?" என்று கேட்டாள். சேவியர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். கோவிந்தராசுவுக்குக் கோபம் வந்தால் காது சிவக்கும், அப்போதும் சிவந்தது. "செத்தவுடனே குடுத்துடுவானா? அங்க என்ன க்யூ நிக்குது தெரியுமா? எனக்கே இருபத்திரண்டு வருசம் ஆச்சு. அதுக்குள்ள உன் பேரப்பிள்ளைக்குக் கல்யாணமே முடிஞ்சிடும். வாயைக் கழுவு," என்றார். காதின் சிவப்பு இறங்கியதும், "நீ பொறந்தப்ப நான் பம்பாய் டாக்ல பெயின்ட் அடிச்சிட்டு இருந்தேன். நீ வித்யாவைப் பெத்தப்ப செம்பவாங்ல ஓவர்டைம், ஃபோர்மேன் லீவு குடுக்கல. எனக்கு ஒண்ணும் தெரியாது. சொல்லிக் குடு, போறேன்," என்றார்.

நாகம்மா சொல்லிக் கொடுத்தாள். தையல் மேஜை மேல் ஒரு சில்க் காட்டன் சேலையைச் சுருட்டிக் குழந்தையாக வைத்து, கழுத்துக்கு அடியில் எப்படிக் கை கொடுப்பது, குளிப்பாட்டிய பிறகு எந்தப் பக்கம் படுக்க வைப்பது, பால் குடித்ததும் முதுகில் எவ்வளவு பலமாகத் தட்டுவது என்று காட்டினாள். பூண்டுக் குழம்புக்கு எவ்வளவு மிளகு, பெற்றவளுக்குக் கொடுக்கும் பிள்ளைச் செலவு மருந்தை எந்தப் பதத்தில் கிளறி இறக்குவது என்று வாய் ஓயாமல் சொன்னாள். அவர் கப்பல் தகட்டில் பெயின்ட் அடிப்பவர். ஓர் இடம் விட்டுப்போனால் துரு பிடிக்கும் என்ற பயத்தோடு ஒவ்வொன்றையும் இரண்டு தடவை செய்து காட்டினார். கீழே சேலை வாங்க வந்த ஒரு பெண், மாடியிலிருந்து தண்ணீர் ஒழுகுகிறதே என்று கேட்டதற்கு ஜமால் முகம்மது, "எங்க நாகம்மாவோட அத்தா வந்திருக்காரு," என்றார். அந்தப் பெண் சரி என்று அடுத்த சேலையைப் பிரிக்கச் சொன்னாள்.

சாங்கியில் குடிநுழைவு அதிகாரி பாஸ்போர்ட்டைப் புரட்டிவிட்டு, "எஞ்சாய் யுவர் ஹாலிடே, அங்கிள்," என்று சொன்னார். கண்ணாடிச் சுவருக்கு இந்தப் பக்கம் நாகம்மா நின்றாள். அவர் எடுத்துப் போன பையில் அவள் தன்னையே மடித்து வைக்க முடியுமா என்று ஒரு நிமிடம் யோசித்ததாகப் பிற்பாடு சேவியரிடம் சொல்லியிருக்கிறாள். அந்த நாட்டில் பனி முழங்கால் அளவு கிடந்தது. செத்தவருக்குக் குளிரவில்லை. வித்யா கதவைத் திறந்து, நாலு வயதில் கடைசியாகப் பார்த்த தாத்தாவைப் பார்த்து, முதலில் மயங்கி, தெளிந்ததும் பூண்டுக் குழம்பு கேட்டாள்.

ஏப்ரல் மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை வலி கண்டது. எட்டு மாதம்தான் முடிந்திருந்தது. ரத்த அழுத்தம் ஏறி எங்கேயோ போய்விட்டது. இங்கே நாகம்மா புக்கிட் மேரா அடுக்குமாடிப் புளோக்குக்குக் கீழே, காய்கறிப் பையைக்கூடக் கீழே வைக்கத் தோன்றாமல், காதில் போனோடு நின்றுகொண்டிருந்தாள். அங்கே ஆஸ்பத்திரி நடையில் நின்ற கோவிந்தராசு, "ஆபரேஷனாம். யாராவது ஒருத்தர் உள்ள வரலாம்கறாங்க. நான் ஆம்பள, எப்படிப் போறது?" என்றார். "போப்பா! போ! அவ கையப் பிடிச்சுக்க! விடாத!" என்று நாகம்மா கத்திய கத்தலில் நாலாவது மாடிச் சீனப் பாட்டி எட்டிப் பார்த்துவிட்டு, இறங்கி வந்து, காய்கறிப் பையை வாங்கிக்கொண்டு பக்கத்தில் நின்றாள். அங்கே போன் கோவிந்தராசுவின் சட்டைப்பையில் அணையாமல் இருந்தது. கத்தரி வைக்கும் சத்தம், யாரோ எண்களைச் சொல்லும் சத்தம், வித்யா "அம்மா, அம்மா" என்பது, அப்பா "இங்கதான் இருக்கேன் சாமி" என்பது எல்லாம் கேட்டது. தன்னைத்தான் அவள் கூப்பிடுகிறாள், பதில் சொல்வது வேறு ஆள் என்பதை நாகம்மா கேட்டுக்கொண்டே நின்றாள். பிறகு பூனைக்குட்டி மாதிரி ஓர் அழுகை. கோவிந்தராசுவின் கை கடலடித் தண்ணீர் போல் ஜில்லென்று இருந்ததாகவும், அதை நெற்றியில் வைத்த நேரத்திலிருந்துதான் தாயின் அழுத்தம் இறங்கியதாகவும் மருத்துவர் குறிப்பில் எழுதியிருக்கிறார். பெண் குழந்தை. இரண்டு உயிரும் பிழைத்தன.

ஆறு மாதம் முடிவதற்கு முந்தின நாள் கோவிந்தராசு திரும்பி வந்தார். உயிரோடு இருந்தபோதும் அவர் அனுமதிச்சீட்டுக்கு மேல் ஒரு நாள் எங்கும் தங்கியதில்லை. சாங்கியிலிருந்து நேராகக் கடற்கரைக்குப் போய், தண்ணீருக்குள் இறங்கிப் படுத்துக்கொண்டார். நாகம்மா நான்காவது முறை விண்ணப்பித்தாள். முன்பு சுற்றுலா போய்ச் சரியாகத் திரும்பியவர் என்ற காரணத்தால், பத்து வருடத்துக்கு எத்தனை முறை வேண்டுமானாலும் போய்வரலாம் என்ற விசா வந்தது. திரு கோவிந்தராசுவுக்கு. நாகம்மா தன் பெயருக்குத் தனியாக இன்னும் இரண்டு முறை கேட்டுப் பார்த்தாள். திரும்பிப் போவீர்கள் என்ற நம்பிக்கை ஏற்படவில்லை என்று வந்தது. வித்யாவால் வர முடியாது. அவளுடைய வேலை விசா புதுப்பிக்கக் கொடுத்திருப்பதால், வெளியே காலை வைத்தால் உள்ளே விட மாட்டார்கள்.

ஆகவே வருடத்துக்கு ஒரு முறை, குழந்தையின் பிறந்தநாளை ஒட்டிக் கோவிந்தராசு போய் வருகிறார். நாகம்மா சாங்கி வரை போய் ஏற்றிவிடுகிறாள். புளோக்கில் உள்ளவர்கள் லிஃப்ட்டில் பார்க்கும்போது, அப்பா கிளம்பிட்டாரா என்று கேட்கிறார்கள். இந்த வருடம் குழந்தைக்கு இரண்டு வயது, பேச்சு வந்துவிட்டது. தையல் மிஷினில் சாய்த்து வைத்த போனில் கோவிந்தராசு குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு, திரையைக் காட்டி, "இது யாரு சொல்லு? யாரு இது?" என்று கேட்டார். குழந்தை நாகம்மாவை நன்றாக உற்றுப் பார்த்தது. பிறகு, தெரிந்த கேள்விக்குப் பதில் சொல்கிற சந்தோஷத்தோடு, "தாத்தா பொண்ணு," என்றது. பின்னாலிருந்து வித்யா, "ஏய், அம்மாச்சி சொல்லு," என்றாள். நாகம்மா ஊசியில் நூலைக் கோத்து, பல்லால் கடித்து அறுத்தாள். "விடுடி, சரியாத்தானே சொல்லுது," என்றாள். "ஆமா கண்ணு. நான் தாத்தா பொண்ணுதான்."