கூழைக்கடாவுக்குப் போர்த்திய பொன்னாடை

காலையில் வெயிலாய்ச் சுட்டு, நண்பகலில் மழையாய்க் கொட்டி, மாலையில் இனி என்ன செய்வதென்று தெரியாமல் வெறுங்காற்றாய் ஊளையிடும் மெல்பேண் வானத்தின்கீழ், டண்டினொங் நோக்கி விரையும் தொடருந்துகள் அதிர்ந்தோட, மீன்கடைப் பனிக்கட்டியின் குளிரும் வாட்டிய வாத்தின் மணமும் கொத்தமல்லிக் கட்டுகளின் பசுமையும் ஒன்றையொன்று முட்டித்தள்ளும் ஸ்பிரிங்வேல் கடைத்தெருவின் பின்புறத்தே, அன்புடையீர், ஓர் அரங்கு உண்டு. அன்று அங்கே தமிழ்மன்றத்தின் ஆண்டுவிழா. ஒலிபெருக்கி கீச்சிட்ட ஓசையை அடுக்களையில் வடை பொரிந்த ஓசை வென்றுகொண்டிருந்தது.

மேடை நடுவே கட்டிய கருந்திரையின் பின்னால், மல்கிரேவில் தமக்கு அடுத்த வீட்டில் வாழும் விமலாதேவி உடுத்திவிட்ட மயிற்கழுத்து நிறப் பட்டுச்சேலை கசங்காமல் முழந்தாளிட்டு, வலக்கையைத் தலைக்குமேல் உயர்த்தியிருந்தவர் தோரதி அம்மையார். இங்கிலாந்தில் பிறந்து, நடிப்புப் பயின்று, நிலவும் நாணும் முகம் தமக்குண்டென்று தாமே நம்பி மேடையேறியவர். அம்முகத்துக்கு வாய்த்த வேடங்களோ, திரை விலகுமுன்பே இறந்துபோன அத்தை, கதவுக்கு அப்பால் இருமும் பணிப்பெண், போர்வைக்குள் முனகும் நோயாளி! பின்னர்த் தொலைக்காட்சியில் ‘பெருமாட்டி’ என்னும் கூழைக்கடாப் பறவைப் பாவையைக் கையில் மாட்டினார். அதன் அலகு திறந்தால் நாடே சிரித்தது. அலகுக்குள் இருந்த கையை எவரும் நினைத்திலர். தெருவில் பாவையோடு நடந்தால், மக்கள் பாவையோடு அளவளாவிவிட்டு, அம்மையாரிடம் தம் குடையைப் பிடிக்கத் தந்தனர். மூன்று கிழமைக் கூத்துக்கென்று மெல்பேண் வந்தவர், பள்ளிதோறும் பாவையாட்டி, இங்கேயே நரைத்தார். தோள் தளர்ந்தமையால் இதுவே இறுதி ஆட்டம். கூத்து முடிந்ததும் திரைக்குமேல் எழுந்து, வாழ்நாளில் ஒருமுறையேனும் தம் முகத்துக்கென்றே ஒரு கைதட்டல் பெறவேண்டும். அதற்காகவே அந்தப் பட்டு, அதற்காகவே காதோரத்துப் பூ.

கூத்து முடிந்தது. கூழைக்கடா குனிந்து வணங்கியது. அம்மையார் எழ எண்ணிய அந்த நொடியிலே, பொன்னாடையோடு பாய்ந்து வந்தார் மன்றத் தலைவர் சிவமணி. பொன்னாடை போர்த்தாமல் விருந்தினரை விடுவதும், உரையாற்றாமல் பொன்னாடையை விடுவதும் அம்மன்றத்தின் வழக்கமன்று. பெருமாட்டி தலைசாய்த்து அவரைப் பார்த்த பார்வையில் அவர் அறிவு மயங்க, கைகள் தாமாகவே பறவையின் கழுத்தில் ஆடையைச் சுற்றிவிட்டன!

“பெருமாட்டி அவர்களே!” என்று தொடங்கினார்.

காண்போர் கண்முன் பாவை உயிரிழக்கலாகாது என்பது அம்மையார் தொழிலின் அறம். ஆகவே, தமிழ் ஒரு சொல்லும் அறியாவிடினும், பேச்சு மூச்சுவாங்கிய இடமெல்லாம் பெருமாட்டி தலையசைத்தது. வாய் திறந்தாலே அவையோர் வடைப்பக்கம் நழுவுவதை ஆண்டாண்டாய்க் கண்டு புண்பட்ட சிவமணிக்கோ, அத்தலையசைப்பு வறண்ட வயலில் மதகு திறந்ததுபோலாயிற்று. கடல்கொண்ட பழந்தமிழ் நாட்டில் புறப்பட்ட உரை, மூவேந்தரையும் நலம் கேட்டு, அரங்கின் வண்டி நிறுத்துமிடத் தகராறு வரை வந்து, மீண்டும் கடலுக்கே திரும்பியது.

“சிவமணி அண்ணை, திரைக்குப் பின்னால மனிசி இருக்குது! கை விறைச்சிருக்கும், நிப்பாட்டுங்கோ!” என்று முன்வரிசையிலிருந்து கூவினாள் விமலாதேவி.

“பொறும் தங்கச்சி! விருந்தாளியே தலையாட்டுறா, உமக்கென்ன அவசரம்?”

“வடை ஆறுது அண்ணை!”

“ஆறின வடையைத் திருப்பிச் சூடாக்கலாம். என்ர பேச்சைச் சூடாக்கேலாது!”

அம்மையாரின் கை நடுங்கியது, பெருமாட்டியும் நடுங்கியது. “பாவம், உருகிப்போச்சுது” என்று முதியோர் சிலர் கண் துடைத்தனர். கையைத் தாழ்த்தினால் பாவை சாகும்; தாழ்த்தாவிடில் தோள் சாகும். ஈற்றில், உயர்த்திய கை உயர்த்தியபடியே, கொசுவம் பாதி குலைய, பூ மூக்கில் தொங்க, அம்மையார் எழுந்தார்.

“ஐயோ அம்மா, இவ்வளவு நேரமும் இதுக்குள்ளையோ இருந்தனீங்கள்?” என்று பதறிய சிவமணி, பொன்னாடையின் மறுமுனையை அவர் தோளிலும் இட்டார். அவை கைதட்டியது, ஒலிபெருக்கி திருத்த வந்தவருக்குத் தட்டும் அளவே தட்டியது. பின்பு எல்லாக் கண்களும் கூழைக்கடாவிடமே மீண்டன. அம்மையாரின் முகம், விளக்கணைந்த மாடம்போல் வாடியது.

“எனவே, விட்ட இடத்திலிருந்து தொடருவம்…” என்றார் சிவமணி.

கூழைக்கடா பணிவோடு தலையசைத்தது. அம்மையாரின் முகமோ, மெல்ல விரிந்து, கண்சுருங்கி, கடைவாய்ப்பல் வரை விளங்க, மலைக்குகை திறந்தாற்போன்ற ஒரு கொட்டாவியை, இரக்கமின்றி, முழுமையாக விட்டது.

அடுத்த கணம், ஆண்டாண்டாய்த் தாம் அடக்கிவைத்த கொட்டாவிகளுக்கெல்லாம் ஒரு முகம் கிடைத்ததென அவையோர் துள்ளியெழுந்து, கூரைத் தகடு கழன்றுவிடுமோ என்னும்படி தட்டினர். அக்கொட்டாவியைக் கண்ட சிவமணி, வாழ்வில் முதன்முறையாக, ஒரே மூச்சில் “நன்றி, வணக்கம்” என்றார்.

அன்புடையீர், வாழ்நாளெல்லாம் பயின்ற கை அன்றும் பிழையின்றி நடித்தது, அதைப் பாராட்டுவோம். ஆனால், நடிக்க இடமே பெறாத அம்முகம் நடிக்க மறந்த அந்த ஒரு நொடியிலன்றோ அரங்கம் அதனைக் கண்டுகொண்டது!