எதிர்த்துப் பேசாத டைரக்டர்

கூட்டத்தில் தலையாட்டிவிட்டு, வெளியே போய் அதையே கவிழ்ப்பவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். சுகுமாறன் அண்ணன் அந்த ரகம். மலேசியாவில், கிள்ளானில் இருக்கும் எங்கள் லோரி கம்பெனிக்கு நான் பொது மேலாளர். அவர் இருபது வருடமாக ஆப்பரேஷன்ஸ் டைரக்டர். ஜொகூர் வரை நெடுந்தூரம் போய் வந்த டிரைவர் மறுநாள் ஓட்டக்கூடாது, மீறினால் வேலை போய்விடும் என்று திங்கட்கிழமை கூட்டத்தில் முடிவெடுத்தோம். முதலில் தலையாட்டியவரே அவர்தான்.

வியாழக்கிழமை எங்கள் டிரைவர் நாகையா பந்திங் பக்கம் லோரியைக் கால்வாயில் இறக்கிவிட்டான். கண் அசந்துவிட்டதாம். நல்லவேளை, உயிருக்கு ஒன்றுமில்லை. முந்தின நாள்தான் ஜொகூரிலிருந்து வந்திருந்தான். யார் போகச் சொன்னது என்று கேட்டால் தரையைப் பார்த்தான். அண்ணன்தான் போன் போட்டிருப்பார், வேறு யார்? தன் கல்யாணத்தை முன்னின்று நடத்தியவரிடம் அவன் எப்படி மாட்டேன் என்பான்?

மூன்று பிள்ளைகளின் தகப்பன். ஆனாலும் விதி விதிதான். அவனுடைய வேலைநீக்கக் கடிதத்தை அடித்து, கையெழுத்துக்கு அண்ணன் முன்னால் வைத்தேன். அவர் பேனாவைத் தொடவில்லை.

"அந்த விதி பிடிக்கலன்னா அன்னிக்கே சொல்லியிருக்கலாமே அண்ணே?"

"எல்லார் முன்னாடியும் உன்னை எதிர்த்துப் பேசினா உனக்கு என்ன மரியாதை இருக்கும் ராஜினி?"

சத்தியமாக அதை மரியாதை என்றே நினைத்திருக்கிறார் மனிதர். நானும் லேசுப்பட்டவளா? எல்லாருக்கும் சம்மதம்தானே என்று கேட்டுவிட்டு, பதில் வருமுன்னே அடுத்த விஷயத்துக்குத் தாவியவள்.

"என் மரியாதைய நான் பாத்துக்குறேன். சண்டைய அந்த ரூம்லயே போடுங்க. வெளிய போட்டா நாகையா மாதிரி ஆளுங்கதான் சாவாங்க."

அடுத்த திங்கட்கிழமை கூட்டத்தில் நான் வாய் திறக்குமுன் அவர் எழுந்தார். நாகையாவை அனுப்பியது தான்தான் என்றார். ஓய்வு நாள் சரி, ஆனால் சொன்னதைச் செய்தவனை வேலையை விட்டுத் தூக்குவது அநியாயம், நீ போட்ட விதி தப்பு என்று என் முகத்தைப் பார்த்தே சொன்னார். எட்டுப் பேர் முன்னால் எனக்குச் சுருக்கென்றது. ஆனாலும் நியாயம் அவர் பக்கம். கடிதத்தைக் கிழித்தேன். யார் எந்த லோரியில் போவது என்பதை இனி நான்தான் முடிவு செய்வேன் என்றேன். இருபது வருடமாக அவர் கையில் இருந்த வேலை அது. அவருக்கு வலித்திருக்கும், ஒத்துக்கொண்டார்.

பிறகு கீழே போய், டிரைவர்கள் எல்லாரும் நிற்க, நாகையாவிடம் சொன்னார்: "இனிமே நானே போன் போட்டாலும் முடியாதுன்னு சொல்லு."

அவன் கண் கலங்கிவிட்டது. "உங்ககிட்ட எனக்கு அப்படிச் சொல்ல வராதுண்ணே."

"எனக்கும் இன்னிக்குத்தான்டா வந்துச்சு."