எதிரில் ஒரு முகம்

“யாரைப் பார்த்து அப்படி அழுதீங்க?”

“ஒரு ஸ்டாண்டைப் பார்த்து.”

“என்ன ஸ்டாண்டு?”

“விளக்கு மாட்டுற ஸ்டாண்டு. என் கண் உயரத்துக்கு மஞ்சள் டேப் ஒட்டி, இதுதான் மாமா உங்க மகன்னு சொல்லிட்டுப் போயிட்டாங்க.”

மனைவி சிரிப்பாள் என்று நினைத்தார். அவள் சிரிக்கவில்லை. பேருந்தின் ஜன்னல் பக்கமிருந்து அவர் பக்கம் திரும்பினாள்.

“உங்க மகனா நடிச்ச அந்தப் பையன் அழறப்ப நீங்க கேமரா பக்கத்துலயே நின்னு அவனுக்காக வசனம் சொன்னீங்க. உங்க முறை வந்ததும் அவன் எங்க போனான்?”

“ரெஸ்ட் எடுக்க.”

“நில்லுப்பான்னு கேக்க வேண்டியதுதானே? வாய்க்குப் பூட்டா போட்டிருக்கு?”

“கேட்டா அடுத்த வாரமே என் பாத்திரத்துக்கு மாரடைப்பு வந்துடும்.”

அவள் முதன்முதலாகப் படப்பிடிப்பு பார்க்க வந்த நாள் அது. கடைசியாக வந்த நாளும் அதுதான். நடந்து பதினோரு வருடம் ஆகிறது. அதற்கு முன்னால் நடிப்பில் பதினைந்து வருடம், பிறகு இந்தப் பதினொன்று, ஆக இருபத்தாறு வருடமாக அவர் ‘எதிரில் நில்லு’ என்று மட்டும் யாரிடமும் கேட்டதில்லை.

இருவர் பேசும் காட்சி என்றால் முதலில் இருவரையும் சேர்த்து எடுப்பார்கள். பிறகு ஒருவர் முகம், அப்புறம் மற்றவர் முகம். ஒருவர் முகத்தை எடுக்கும்போது மற்றவர் கேமராவின் ஓரத்தில் நின்று வசனம் சொன்னால்தான் நடிப்பவருக்குக் கண்ணில் உயிர் வரும். மரியாதை என்று பார்த்தால் இரண்டு பக்கமும் அப்படித்தான் இருக்க வேண்டும். ஆனால் கதாநாயகன் முகத்துக்கு மாமா நிற்பார். மாமா முகத்துக்கு யாரும் நிற்கமாட்டார்கள். உதவி இயக்குநர் யாராவது தாளைப் பார்த்து வாசிப்பார். அதுவும் இல்லையென்றால் ஸ்டாண்டும் டேப்பும்.

‘மாமா’ என்பது அவர் பெயரல்ல. ஒன்பது தொலைக்காட்சித் தொடர்களில் மாமனாராக வந்தவருக்கு வேறென்ன பெயர் நிற்கும்? தெருமுனை மருந்துக்கடைக்காரர்கூட இருமல் மருந்தைக் கொடுக்கும்போது, “மருமகளைக் கொஞ்சம் நிம்மதியா இருக்க விடுங்க மாமா, பாவம்” என்பார். தொடர்களில் அதிர்ச்சி அடையும் முகத்தைக்கூட மொத்தமாக எடுத்து வைத்துக்கொள்வார்கள். இடப்பக்கம் பார்த்து ஒன்று, வலப்பக்கம் பார்த்து ஒன்று, மாடியைப் பார்த்து ஒன்று. மகன் ஓடிப்போனானா, பெட்டி காணாமல் போனதா என்று அவருக்கே தெரியாது. தொலைக்காட்சியில் வரும்போதுதான், “ஓ, இதுக்குத்தானா” என்று வீட்டில் உட்கார்ந்து தெரிந்துகொள்வார்.

இந்தத் தொழில் அவருக்கு ஒரு கெட்ட பழக்கத்தையும் கொடுத்திருந்தது. மனம் உருகும் நேரத்தில் எதிரில் இருப்பவர் முகத்தைப் பார்க்கமாட்டார். காதுக்குப் பக்கத்தில் எங்கேயோ பார்ப்பார். டேப் எப்போதும் கேமராவுக்குக் கொஞ்சம் ஓரமாகத்தானே இருக்கும். மகளுக்கு வெளியூரில் வேலை கிடைத்து, அவள் பெட்டியோடு வாசலில் நின்றபோதும் அப்படித்தான்.

“அப்பா, என் கம்மலைப் பார்த்துப் பேசாதீங்க. நான் இங்க இருக்கேன்” என்றாள் மகள்.

எல்லாரும் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். பார்வை மட்டும் கம்மலிலேயே நின்றது.

இந்த நிலையில்தான் ஒரு பெண் இயக்குநர் வீடு தேடி வந்தாள். அவள் எடுக்கப்போகும் சினிமாவில் கதாநாயகன் பெரிய நட்சத்திரம். ஆனால் படத்தின் உயிர் அப்பா பாத்திரத்தில் இருந்தது. ஓய்வுபெற்ற பேருந்து ஓட்டுநர். பன்னிரண்டு வருடம் கழித்துத் திரும்பி வரும் மகனைச் சமையலறையில் சந்திக்கிறார். “சார், உங்களை மனசுல வச்சுதான் எழுதினேன். நீங்க முடியாதுன்னா படமே இல்ல” என்றாள். மாமா பதில் சொல்வதற்குள் மனைவி, “அவர் முடியும்னு சொல்லிட்டார்மா” என்றாள்.

அந்தச் சமையலறைக் காட்சி இன்றைக்கு. காலை பத்தரைக்கு இருவரையும் சேர்த்து எடுத்தார்கள். மகன் மன்னிப்புக் கேட்டான். அப்பா அடுப்பை அணைத்தார், கையைத் துடைத்தார், துண்டை மடித்து வைத்தார். “நீ போன அன்னைக்கே மன்னிச்சாச்சுடா. சொல்லத்தான் ஆள் இல்ல” என்றார். அவ்வளவுதான். நட்சத்திரத்துக்கு அடுத்த வசனம் மறந்துபோனது. இயக்குநர் ‘கட்’ சொல்லவில்லை. கேமராவில் ஃபோகஸ் பார்ப்பவர் கண்ணைத் துடைக்கப் போய், கடைசி சில நொடிகள் மங்கலாகிவிட்டன. பதினெட்டு வருடமாக அந்த வேலை பார்ப்பவர் தானாக முன்வந்து, “தப்பு என்னோடதுதான். மாமா, இன்னொரு தடவை” என்று கைகூப்பினார். இரண்டாவது தடவை இன்னும் நன்றாக வந்தது. கைதட்டல் மேலே பரணில் விளக்கு பிடித்துக்கொண்டிருந்தவர்களிடமிருந்துதான் முதலில் கிளம்பியது. அவர்கள் லேசில் கைதட்டுகிற ஜாதியில்லை.

அடுத்து நட்சத்திரத்தின் முகம். மாமா கேமரா ஓரத்தில் நின்று முழுமனதோடு வசனம் சொன்னார். வழக்கமாகப் பன்னிரண்டு டேக் வாங்குகிறவன், ஒரே டேக்கில் உடைந்து அழுதான். “கலக்கிட்டீங்க மாமா” என்று கட்டிக்கொண்டு கேரவனுக்குப் போய்விட்டான்.

விளக்குகளைத் திருப்ப ஆரம்பித்தார்கள். இனி மாமாவின் முகம். அவர் ஒதுங்கி நின்று மனைவிக்குப் போன் போட்டார். அவள் பல் மருத்துவரிடம் உதவியாளராக இருக்கிறாள்.

“சீக்கிரம் சொல்லுங்க. இங்க ஒருத்தர் வாயைப் பொளந்துக்கிட்டு உக்காந்திருக்கார்.”

“நல்லா வந்திருக்கு. கைதட்டினாங்க.”

“தட்டாம? சரி, உங்க பக்கம் எடுத்தாச்சா?”

“இனிமேதான்.”

“எதிர்ல யாரு?”

அவர் ஓரத்தில் நின்ற விளக்கு ஸ்டாண்டைப் பார்த்தார்.

“ஏங்க, இங்க வர்ற எல்லாருமே வாயைத் திறக்கப் பயப்படுறவங்கதான். திறந்ததுமே பாதி வலி போயிடும். மீதியை டாக்டர் பார்த்துக்குவார்.” பிறகு வேறு யாரிடமோ, “உங்களை இல்ல சார், நீங்க அப்படியே இருங்க” என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாள்.

அவர் திரும்பி வந்தபோது உதவி இயக்குநர் பெண் தாளோடு தயாராக நின்றாள். தங்கமான பெண். வாசித்தால் மட்டும், “அப்பா, என்னை மன்னிச்சிடுங்க” என்பது ரயில் நடைமேடை மாறிய அறிவிப்பு மாதிரி இருக்கும். அது அவளுக்கே தெரியும்.

“மாமா, எனக்குத் தொண்டை சரியில்ல” என்றாள்.

“காலையில நல்லாத்தானே கத்திக்கிட்டிருந்தே?”

“இப்பதான் கட்டிக்கிச்சு.” தாளை நான்காக மடித்துப் பையில் போட்டுக்கொண்டாள்.

அவர் ஒளிப்பதிவாளரைப் பார்த்தார். விளக்குகள் எல்லாம் எரிந்துகொண்டிருந்தன. மாமா நிற்க வேண்டிய இடத்தில் வெளிச்சம் பால்போல விழுந்திருந்தது. ஒளிப்பதிவாளர் அதைப் பார்த்துக்கொண்டே, “லைட் ரெடியாக இன்னும் பத்து நிமிஷம் ஆகும் மாமா” என்றார். இயக்குநர் குனிந்து ஏதோ எழுதிக்கொண்டிருந்தாள். பேனா நகரவில்லை.

அப்போதுதான் மாமாவுக்குப் புரிந்தது. இவர்கள் யாரும் அவருக்காகக் கேட்கப் போவதில்லை. ஆனால் அவர் கேட்டுவிட்டு வரும்வரை இந்தத் தளத்தில் ஒரு விளக்கும் அணையாது.

துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு நடந்தார். தளத்துக்கு வெளியே வெயில் சுளீரென்று அடித்தது. கேரவன் வாசலில் மேனேஜர் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

“சார் மேக்கப் கலைச்சிட்டார் மாமா. என்ன விஷயம்?”

“மேக்கப் வேண்டாம். முகம் இருந்தா போதும்.”

“புரியல.”

“அவருக்குப் புரியும். நகருங்க தம்பி.”

இருபத்தாறு வருடமாக மருமகள்களை நடுங்க வைத்த குரல் அது. மேனேஜர் நாற்காலியோடு நகர்ந்தார். மாமா கதவைத் தட்டினார். தயங்கித் தயங்கி அல்ல, சொந்த வீட்டுக் கதவைத் தட்டுவதுபோல. நட்சத்திரம் ஈர முகத்தோடு கதவைத் திறந்தான். அழுத கண் இன்னும் சிவந்திருந்தது. வயது முப்பத்திரண்டு இருக்கும். கிட்டத்தில் பார்த்தால் இன்னும் குறைவாகத் தெரிந்தது.

“சொல்லுங்க மாமா, ஏதாவது பிரச்சினையா?”

மாமா படியில் ஏறவில்லை. கீழே நின்றபடியே நிமிர்ந்து, அவன் கண்ணுக்குள் நேராகப் பார்த்தார்.

“பிரச்சினை ஒண்ணும் இல்ல தம்பி. இப்ப என் முகத்தை எடுக்கப் போறாங்க. நீங்க வந்து எதிர்ல நிக்கணும். இதை நான் உங்களைப் பார்த்துத்தான் சொல்லணும்.”