தலைமாட்டில் ஒருத்தி

அப்பாவின் தொடை எலும்பு குழிக்குள் இறங்க மறுத்தது. பெலேத் அதைச் சாய்த்துப் பார்த்தான், திருப்பிப் பார்த்தான். தாத்தாவும் அவருடைய அண்ணன் தம்பிகளும் ஏற்கெனவே எலும்பாக அடைத்துக்கொண்டிருந்த குழி. கல்லறையைக் குடைந்தவன் குழியை இன்னும் ஒரு முழம் ஆழமாக வெட்டியிருக்கலாம். சோம்பேறி. இருபத்திரண்டு வருஷமாகக் கல் உடைக்கிற பெலேத்துக்கு மற்றவர்களின் உளித்தடத்தைப் பார்த்தாலே அவர்கள் எப்படிப்பட்ட ஆட்கள் என்று தெரிந்துவிடும்.

"அண்ணே, முடிஞ்சுதா?"

வாசல் துவாரத்துக்கு வெளியே நின்று தம்பி யாரீபு கேட்டான். அவனுடைய கால்கள் மட்டும் தெரிந்தன. வாசலில் இருந்து சரியாக நாலு எட்டு தள்ளி நின்றான்.

"உள்ள வந்து பாரு."

"நான் வர முடியாதுன்னு உனக்குத் தெரியாதா?"

"தெரியும்டா. ஏழு நாள் தீட்டு. கூடாரப் பண்டிகைக்குக் கோயில் வாசல்ல நீ நிக்கணும். நிக்கலேன்னா வாசல் ஓடிப் போயிடும்."

"கிண்டல் பண்ணாதே. இப்பதான் எனக்கு அந்த இடம் கிடைச்சிருக்கு. தீட்டோட நின்னேன்னு தெரிஞ்சா அடுத்த வாரம் உன்கூடக் கல் உடைக்க வந்துடுவேன்."

"வாயேன். ஆள் பத்தலை."

எலும்பு ஒருவழியாக இறங்கியது. அடுத்த பிணத்துக்குக் கல்மேடை காலியானது. பதினோரு வருஷம் அப்பா படுத்திருந்த இடத்தில் ஆள் உயரத்துக்கு ஒரு கறை மட்டும் மிச்சம். மேடையின் ஒரு முனையில் தலை வைக்க அரைவட்டமாக ஒரு அணை செதுக்கியிருந்தது. அதன் பக்கத்தில் அன்றைக்கு அம்மா வைத்த கிண்ணமும் தண்ணீர்க் குடுவையும் விளக்கும் அப்படியே இருந்தன. கிண்ணத்தில் பயறு தூசியாகிக் கிடந்தது.

"அந்தக் கிண்ணம், குடுவை எல்லாத்தையும் வெளியே எடுத்துப் போட்டுடு," என்றான் யாரீபு. உள்ளே பார்க்காமலேயே அவனுக்குத் தெரிந்திருந்தது. "செத்தவங்களுக்குச் சோறு வைக்கக் கூடாது. தண்ணியும் கூடாது. எருசலேம்ல எங்க எல்லாரையும் நிக்க வெச்சு வாசிச்சுக் காட்டினாங்க."

"எழுதியிருக்கா?"

"எழுதியிருக்கு."

"எழுதினவனுக்கு அம்மா இருந்தாளா?"

பெலேத் குடுவையை எடுத்து வெளியே வீசினான். அது யாரீபுவின் காலருகே விழுந்து உடைந்தது. அவன் இன்னும் இரண்டு எட்டு தள்ளிப் போய் நின்றான்.

வெயில் ஏற ஆரம்பித்துவிட்டது. அம்மாவின் உயிர் விடியும்போது போனது. பொழுது சாய்வதற்குள் கொண்டு வந்து வைத்துவிட வேண்டும். பெலேத் மேட்டிலிருந்து இறங்கி வீட்டுக்கு வேகமாக நடந்தான். எலும்பை நகர்த்தும்போதும் அவன் மனசில் இருந்தது வேறொரு வேலை.

நேற்று மாலை அம்மா அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். அம்மா அசூபாளின் கையில் அவ்வளவு பிடி மிச்சமிருக்கும் என்று அவன் நினைக்கவில்லை.

"அவளை என் தலைமாட்டுல வைப்பியா?"

"வைக்கிறேம்மா."

"தம்பிகிட்ட சொல்லாதே. பயந்து சாவான்."

"சொல்லலை."

"ரெண்டும் பார்லிப் பானைக்குள்ள இருக்கு. அடியில."

தேவி அசேராளின் பொம்மையைத்தான் சொன்னாள். ஒரு சாண் உயரம், சுட்ட மண். இரண்டு கையாலும் முலையைத் தாங்கிக்கொண்டு நிற்பாள். கீழே கால் கிடையாது, மரத்தின் அடிபோல விரிந்திருக்கும். குயவன் உடம்பைக் கையால் உருட்டுவான், தலையை அச்சில் அழுத்தி எடுத்துக் கழுத்துக் குழியில் செருகுவான். இந்த ஊரில் எல்லா வீட்டிலும் ஒருத்தி இருந்தாள். பிள்ளைப் பேற்றுக்கு, ஆடு குட்டி போடுவதற்கு, பிள்ளைக்குக் காய்ச்சல் கண்டால், எல்லாவற்றுக்கும் அவள். கோயில் கடவுள் யாவே பெரிய காரியங்களைப் பார்த்துக்கொண்டார். மழை, சண்டை, ராஜா.

போன வருஷம் ராஜாவின் ஆட்கள் இந்தப் பொம்மைகளை ஒழிக்க வீடு வீடாக வந்தார்கள். அவர்கள் வாசலுக்கு வரும் முன்பே யாரீபு ஓடி வந்து அவளை முற்றத்துக் கல்லில் அடித்தான். தலை கழுத்தோடு தெறித்துப் போனது. வந்தவர்கள் பார்த்துவிட்டுச் சரி என்று போனார்கள். இப்படிப்பட்ட பொம்மை எப்போதும் உடைவது கழுத்தில்தான். உடம்புக்கு ஒன்றும் ஆகாது. அது அவர்களுக்குத் தெரியவில்லை, அல்லது தெரிந்தும் அவர்களுக்கு இன்னும் நாற்பது வீடு பாக்கி இருந்தது. அம்மா முந்தானையில் இரண்டையும் பொறுக்கிக்கொண்டு உள்ளே போனாள். அதற்குப் பிறகு யாரீபுவிடம் அவள் ஆறு மாசம் பேசவில்லை.

குயவன் தன் அச்சைத் தானே உடைத்தான். இனி புதுசாக ஒருத்தி வர வழி இல்லை.

வீட்டில் அம்மாவைப் பாயில் கிடத்தியிருந்தார்கள். சுற்றிப் பெண்கள். பக்கத்து வீட்டு நாரா தலைமாட்டில் உட்கார்ந்து ஒப்பாரி வைத்துக்கொண்டிருந்தாள். வழக்கமாக நெற்றி மயிரை மழித்துக்கொண்டு, கன்னத்தைக் கீறிக்கொண்டு அழுகிறவள். இன்றைக்குக் கையைக் கட்டிக்கொண்டு அழுதது அவளுக்கே பொருந்தவில்லை.

"கீறிக்கக் கூடாதாம், மழிச்சுக்கக் கூடாதாம்," என்று பெலேத்தைப் பார்த்ததும் சொன்னாள். "இனி மூக்குச் சிந்தறதுக்கும் எருசலேம் போய்க் கேட்டுட்டு வரணும் போல."

"மெதுவா பேசு, அக்கா. தம்பி வெளியேதான் நிக்கிறான்."

"நிக்கட்டும். என் மடியில வளந்தவன்தானே. நீ என்ன முகத்தை இப்படி வெச்சிருக்கே?"

அவன் உள் அறைக்குப் போய்ப் பார்லிப் பானைக்குள் தோள் வரை கையை விட்டான். உடம்பு கிடைத்தது. அதை வெளியே எடுத்து வைத்துவிட்டு மறுபடி துழாவினான். தானியம் நகக் கண்ணில் ஏறியது. தலை இல்லை. பானையைச் சாய்த்துத் தரை முழுக்கக் கொட்டினான். குந்தி உட்கார்ந்து இரண்டு கையாலும் அளைந்தான். இல்லை. பக்கத்தில் இருந்த அவரைப் பானையையும் கொட்டினான். எண்ணெய் ஜாடிக்குப் பின்னால் பார்த்தான். அம்மா தறி நூலில் தொங்கவிடும் கல்லெல்லாம் கிடந்த கூடையைக் கவிழ்த்தான்.

"கல்லறைக்கு அனுப்பச் சொன்னா அடுத்த விதைப்புக்கு ஏற்பாடு பண்றியாடா?" நாரா வாசலில் வந்து நின்றாள். பிறகு அவன் மடியில் இருந்ததைப் பார்த்தாள். குரல் தணிந்தது. "தலை எங்கே?"

"அதைத்தான் தேடறேன்."

நாரா ஒரு கணம் அந்தத் தலையில்லாத உடம்பையே பார்த்தாள். "யாவேக்கு எத்தனை வருஷமா பொண்டாட்டியா இருந்தவ. நம்ம ஊர்ல ஒருத்தன் பொண்டாட்டியைத் தள்ளி வைக்கணும்னாக்கூட எழுத்து குடுத்து அனுப்பணும். இவளுக்கு அதுவும் இல்லை." முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். "உன் பொண்டாட்டியைக் கேளு. அவ காலையில இருந்து கை மூடியே வெச்சிருக்கா."

ஒக்லா ஆடு கட்டுகிற கீழ் அறையில், சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். வயிறு ஏழு மாசம். வலது கை பொத்தியிருந்தது.

"குடு," என்றான்.

"என்னத்தை?"

"விளையாடாதே. வெளியே ஜனம் காத்துக்கிட்டு இருக்கு."

"ஆமா, நான்தான் எடுத்தேன். தர மாட்டேன்."

அவள் இவ்வளவு நேராகச் சொல்வாள் என்று அவன் எதிர்பார்க்கவில்லை.

"நான் அம்மாவுக்கு வாக்குக் குடுத்திருக்கேன், ஒக்லா. சாகிறவகிட்ட."

"தெரியும். கேட்டுக்கிட்டுத்தான் இருந்தேன். அத்தை செத்துட்டாங்க. இனி அவங்களுக்கு என்ன பயம்? எனக்கு இன்னும் ரெண்டு மாசம் இருக்கு."

"கோயில்ல வேண்டிக்கலாம். யாரீபுகிட்ட சொல்லி..."

"அந்தக் கோயில்ல யாரு இருக்காங்க, பிள்ளை பெத்தவங்க?" அவள் குரல் ஏறவில்லை. "போன தடவை இவளை வெச்சுக்கிட்டுப் பெத்தேன், அப்பவும் செத்துதான் பிறந்துச்சு. அதுக்கு முந்தினதும் அப்படித்தான். எனக்குத் தெரியாதா? இருந்தும் அந்த ரெண்டு ராத்திரியும் நான் இவ முகத்தைப் பாத்துக்கிட்டுத்தான் கிடந்தேன். வேற யாரு முகத்தைப் பாக்கிறது? உங்க முகத்தையா? நீங்க கல் வெட்டப் போயிட்டீங்க."

அவன் அவள் மணிக்கட்டைப் பிடித்தான். கல் பெயர்க்கிற கை. விரல்களை ஒவ்வொன்றாகப் பிரிக்க எவ்வளவு நேரம் ஆகும். சுண்டுவிரலை நிமிர்த்தினான். அவள் கத்தவில்லை, பல்லைக் கடித்துக்கொண்டு அவனைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மோதிர விரலுக்கும் நடுவிரலுக்கும் இடையில் அந்த முகம் தெரிந்தது. சுருள் சுருளான முன்மயிர், வாதுமைக் கொட்டை மாதிரி கண், லேசாக ஒரு சிரிப்பு. அம்மா இதைத்தான் தினமும் எண்ணெய் தொட்டுத் துடைத்தாள்.

ஆடு ஒன்று கத்தியது. அவன் கையை விட்டான்.

"என்னவோ பண்ணுங்க எல்லாரும்," என்றான். யாரிடம் சொன்னான் என்று அவனுக்கே தெரியவில்லை. சுவரில் ஒரு குத்து விட்டான். பூச்சு உதிர்ந்தது. அதைப் பூசினதும் அவன்தான்.

பாடையைத் தூக்கியபோது வெயில் சாய்ந்திருந்தது. தலையில்லாத உடம்பை மேலாடைக்குள் இடுப்புக் கச்சையில் செருகியிருந்தான். நடக்கும்போது அதன் அடிப்பாகம் விலாவில் இடித்தது. பெண்கள் பின்னால் வந்தார்கள். ஒக்லா வரவில்லை. யாரீபு ஓரமாக, ஒரு கல்லெறி தூரம் விட்டு நடந்தான். அம்மா கிடந்த வீட்டுக்குள்ளேயே அவன் இன்று கால் வைக்கவில்லை. வாசலில் நின்றுதான் அழுதான். அழுதானா என்பதும் பெலேத்துக்குத் தெரியாது. முதுகைத் திருப்பிக்கொண்டு நின்றான்.

கல்லறை வாசலில் பாடையை இறக்கியதும் யாரீபு பக்கத்தில் வந்தான். பக்கம் என்றால் நாலு எட்டு.

"அண்ணே, இடுப்புல என்ன?"

"உளி."

"உளி எதுக்கு?"

"மேடை ஒரு பக்கம் மேடா இருக்கு. அம்மாவுக்கு முதுகு குத்தும். தட்டிவிடணும். அதுக்கும் எழுதியிருக்கா?"

யாரீபு அந்தப் புடைப்பைப் பார்த்தான். உளி அவ்வளவு பருமன் இருக்காது என்று கல் உடைக்கிறவனின் தம்பிக்குத் தெரியும். ஜனத்தின் பக்கம் ஒரு தரம் திரும்பிப் பார்த்தான். அதில் யார் யார் எருசலேமுக்குச் சேதி சொல்வார்கள் என்று அவன் எண்ணுவது போல இருந்தது.

"சீக்கிரம் தட்டு," என்றான். "பொழுது போகுது."

பெலேத்தும் அம்மாவின் அண்ணன் மகன்கள் இருவரும் அவளைக் குனிந்து உள்ளே எடுத்துச் சென்றார்கள். மேடையில் வைத்து, தலையை அரைவட்ட அணைக்குள் பொருத்தினார்கள். அவளுடைய தலைக்கு அணை பெரிசாக இருந்தது. மற்ற இருவரும் வெளியேறினார்கள். பெலேத் விளக்கை ஏற்றினான்.

மேலாடைக்குள் இருந்து அவளை எடுத்து அம்மாவின் காதருகே நிறுத்தினான். அடி விரிந்திருந்ததால் தானாக நின்றாள். கழுத்து இருந்த இடத்தில் குழி கறுப்பாகத் தெரிந்தது. முலையைத் தாங்கிய இரண்டு கையும் யாருக்கோ எதையோ நீட்டுவது போல இருந்தன. யாருக்கு என்று சொல்ல முகம் இல்லை.

தரையில் சுண்ணாம்புக்கல் சில்லுகள் கிடந்தன. ஒன்றைப் பொறுக்கிக் கழுத்துக் குழியில் வைத்துப் பார்த்தான். ஆடியது. இன்னொன்று. அது பெரிது. நிஜமாகவே ஒரு உளி இருந்திருந்தால் ஒரு மூக்கு, இரண்டு கண் தட்டியிருக்கலாம். பொய் சொன்னதற்குப் பதில் உளியையாவது கொண்டுவந்திருக்கலாம். மூன்றாவது சில்லை எடுத்தவன் அதைச் சுவரில் விட்டெறிந்தான். சத்தம் சின்ன அறைக்குள் பெரிசாகக் கேட்டது.

"அண்ணே?"

"ஒண்ணுமில்லை."

வெளியே நாரா ஒப்பாரியை முடித்திருந்தாள். யாரோ இருமினார்கள். மூடுகல்லை உருட்டக் கம்பு கொண்டுவரும் சத்தம் கேட்டது. பெலேத் அம்மாவின் நெற்றியில் இருந்த மயிரை ஒதுக்கினான். உதடு வெடித்திருந்தது. நேற்று ராத்திரி முழுக்கத் துணியை நனைத்து நனைத்துத் துடைத்தும் வெடிப்பு போகவில்லை. வாசல் பக்கம் குனிந்தபோது அதன் வெளிச்சம் சட்டென்று மறைந்தது. யாரோ அதன் முன்னால் வந்து குந்தியிருந்தார்கள்.

"அண்ணே." யாரீபுவின் குரல் மிகத் தாழ்ந்து, கல்லுக்கு மிக அருகில் கேட்டது. "தண்ணி வெச்சியா?"

பெலேத்துக்கு வந்தது கோபம்தான். "நீதானே வைக்கக் கூடாதுன்னே. குடுவையை உடைச்சாச்சு."

பிறகு துவாரம் வழியாக ஒரு கை உள்ளே வந்தது. கோயில் வாசலில் நிற்கிறவர்கள் கட்டுகிற வெள்ளைத் துணி மணிக்கட்டில் சுற்றியிருந்தது. பிடியில் பாதி நிறைந்த தோல் தண்ணீர்ப்பை ஒன்று. கை முழங்கை வரை உள்ளே வந்து நின்றது.

பெலேத் பையை வாங்கிக்கொண்டான். அப்பாவின் பழைய கிண்ணத்தைத் துடைத்து, தண்ணீரை ஊற்றி, தலையில்லாதவளின் முன்னால் வைத்தான்.

திரும்பிப் பார்த்தான். விரல்கள் விரிந்தபடி அந்தக் கை இன்னும் அங்கேயே, அம்மாவின் பக்கம் நீண்டிருந்தது.